அரசனுக்குக் குரல் கொடுத்தவர்

அந்தப் பாரசீகத் தொடர் எங்களிடம் வந்தபோது மழைக்காலம் தொடங்கியிருந்தது. நகரத்துப் பழைய கட்டடம் ஒன்றின் மூன்றாவது மாடியில் எங்கள் ஒலிப்பதிவுக்கூடம் இருக்கிறது. வெளிநாட்டுத் தொடர்களுக்குப் பர்மியக் குரல் சேர்ப்பதுதான் தொழில். நான் வசனம் எழுதுகிறவள். ஆங்கிலத்தில் வருவதைப் பர்மிய மொழியில், திரையில் இருப்பவரின் வாய் அசைந்து முடியும் நேரத்துக்குள் சொல்லக்கூடிய மாதிரி எழுதித் தரவேண்டும். முன்பு ஒரு பத்திரிகையில் மொழிபெயர்ப்பாளராக இருந்தேன். ராணுவம் ஆட்சியை எடுத்துக்கொண்ட வருடம் பத்திரிகை மூடிப்போயிற்று. அதற்கப்புறம் இந்த வேலை.

என் வீடு நகரத்தின் ஓரத்தில், தாகேதாவில். அம்மாவும் நானும்தான். அம்மா பர்மியப் பெண். அப்பா தமிழர், துறைமுகத்தில் கிரேன் ஓட்டியவர். அவர் இருந்தவரை வீட்டில் தமிழ் பேச ஆள் இருந்தது.

தொடர் ஈரானில் எடுத்தது. சாசானிய வம்சத்தை நிறுவிய முதல் அரசனின் கதை. அதற்குமுன் அவனைப் பற்றி எனக்கு ஒன்றும் தெரியாது. வசனம் எழுத வேண்டும் என்பதால் கிடைத்ததை எல்லாம் படித்தேன். கிறிஸ்துவுக்குப் பின் மூன்றாம் நூற்றாண்டில் வாழ்ந்தவன். நெருப்புக் கோயில் ஒன்றைப் பார்த்துக்கொண்ட குடும்பம். தகப்பன் அந்தச் சீமையின் சிற்றரசனைக் கொன்று நாற்காலியில் உட்கார்ந்தான். அவனுக்குப் பிறகு மூத்த மகன் அரசனானான். கொஞ்ச காலத்திலேயே, வழியில் ஒரு பழைய மாளிகையில் தங்கியிருந்தபோது, மூத்தவன் மேல் கல் விழுந்து அவன் செத்தான். இளையவன் முடிசூட்டிக்கொண்டான். மற்ற சகோதரர்கள் சதி செய்கிறார்கள் என்று சொல்லி அவர்களையும் தீர்த்துக்கட்டினான். பிறகு பக்கத்து நாடுகளைப் பிடித்தான். கடைசியில், தலைமுறை தலைமுறையாக ஆண்டுவந்த பார்த்தியப் பேரரசனையே போர்க்களத்தில் கொன்று, தன்னை மன்னர் மன்னன் என்று அறிவித்தான். சதுப்பு நிலத்தை வற்றவைத்து வட்டமாக ஒரு நகரம் கட்டினான். அவன் வம்சம் நானூறு வருடத்துக்கு மேல் ஆண்டது.

மூத்தவன் மேல் கல் விழுந்ததை எல்லாரும் ஒரே வாக்கியத்தில் சொல்லிவிட்டுப் போகிறார்கள். கல் தானாக விழுந்ததா, யாராவது தள்ளினார்களா என்று நின்று கேட்பவர் குறைவு. முதலில் அந்தக் கதையை எழுதி வைத்தவர்கள் அவனுடைய வம்சத்தாரின் நிழலில் இருந்தவர்கள். இதை மமாவிடம் சொன்னேன். மமா என்றால் அக்கா. கூடத்தின் சொந்தக்காரரை நாங்கள் எல்லாரும் அப்படித்தான் கூப்பிடுவோம். அவர் கேட்டுவிட்டு, வசனத்தில் அந்தச் சந்தேகமெல்லாம் வரவேண்டாம் என்று மட்டும் சொன்னார்.

அவர் பயந்ததில் தப்பில்லை. முதல் சில பகுதிகளை ஒளிபரப்பப் போகிறவர்களுக்கு அனுப்பினோம். அங்கிருந்து ஓர் ஆள் வந்து மாற்றங்கள் சொல்லிவிட்டுப் போனார். ஆட்சியைப் பிடித்தான் என்று எழுதியிருந்த இடத்தில் நாட்டில் ஒழுங்கை நிலைநாட்டினான் என்று வரவேண்டும். கொன்றான் என்று இருந்தால் தண்டித்தான். முடியைப் பறித்தான் என்ற பேச்சே எங்கும் இருக்கக்கூடாது. எனக்குத் தொழில்ரீதியாக ஒரு சங்கடம். திரையில் அந்த ஈரானிய நடிகர் படீரென்று இரண்டு வார்த்தை சொல்லி வாயை மூடிக்கொள்கிறார். அதற்குள் ஒழுங்கையும் நிலைநாட்டலையும் எங்கே திணிப்பது? ஒருவழியாகத் திணித்தேன். அந்த மாதம் முழுக்க அதுதான் என் வேலை.

அரசனுக்குக் குரல் கொடுக்க மமா சாயாவைக் கூப்பிட்டார். சாயா என்றால் ஆசிரியர். மூத்த கலைஞர்களை இங்கே அப்படித்தான் அழைப்போம். அறுபதைத் தாண்டியவர், ஒல்லியான உடம்பு. வானொலி நாடகங்களில் வளர்ந்த குரல். அந்த உடம்பிலிருந்து அந்தக் குரல் வருவதைப் புதிதாகக் கேட்பவர்கள் திரும்பிப் பார்ப்பார்கள். தன்லியினில் வீடு. பஸ்ஸில் ஆற்றுப் பாலம் தாண்டி வருவார். பாலத்தடியில் சோதனைக்கு பஸ்ஸை நிறுத்தினால் தாமதமாகும். அப்படி வந்தால் எங்கள் ஒவ்வொருவரிடமும் தனித்தனியாக மன்னிப்புக் கேட்பார். என்னைத் தமீ என்பார். மகளே என்று அர்த்தம்.

அவருக்கு ஒரே மகன். இஞ்சினியரிங் படித்துக்கொண்டிருந்தான். ஆட்சி மாறியபோது தெருவில் இறங்கிய பிள்ளைகளில் அவனும் ஒருவன். தெருவில் சுட ஆரம்பித்ததும், ராணுவத்தை எதிர்க்கிறவர்களோடு எல்லைப் பக்கம் காட்டுக்குப் போய்விட்டான். கூடத்தில் எல்லாருக்கும் இது தெரியும், யாரும் வாயைத் திறக்க மாட்டோம். பிள்ளை காட்டில் இருப்பது வெளியே தெரிந்தால் வீட்டைப் பூட்டி சீல் வைப்பார்கள், பெற்றவர்களைக் கூட்டிக்கொண்டு போவார்கள். சாயா ஒரே ஒரு தடவைதான் என்னிடம் அதைப் பேசினார். கரண்டு போய் மாடிப்படியில் காற்றுக்காக உட்கார்ந்திருந்தோம். முதல் வருடம் அவ்வப்போது யாருடைய ஃபோனிலிருந்தாவது இரண்டு வரி வருமாம். நன்றாக இருக்கிறேன், சாப்பிட்டேன் என்று. அப்புறம் அதுவும் நின்றுபோயிற்று. இதைச் சொல்லிவிட்டு, கரண்டு வந்துவிட்டதா பார் என்று என்னை எழுப்பி அனுப்பினார்.

ஒலிப்பதிவு அறை சின்னது. சுவர் முழுக்கப் பழைய மெத்தை விரிப்புகளைத் தொங்கவிட்டிருப்போம். பதிவு நடக்கும்போது விசிறியை நிறுத்திவிட வேண்டும். சாயா சட்டையைக் கழற்றி மடித்து வைத்துவிட்டு, பனியனோடு நின்று, பாரசீகத்தின் முதல் அரசனாகப் பேசுவார்.

அவர் அரசனைக் கத்தவிடவில்லை. திரையில் அந்த நடிகர் கத்துகிற இடங்களில்கூட சாயா குரலை இறக்கியே வைத்திருந்தார். சகோதரர்களைக் கொல்ல உத்தரவிடும் காட்சியை, வேலைக்காரனிடம் விளக்கை அணைக்கச் சொல்வதுபோல் சொன்னார். கண்ணாடிக்கு இந்தப்பக்கம் மமா அதையே வைத்துக்கொள்ளச் சொன்னார். வெளியே வந்ததும், ஏன் அப்படிச் செய்தீர்கள் என்று கேட்டேன்.

“கொல்லச் சொல்றவங்க கத்தமாட்டாங்க, தமீ. என் சின்ன வயசுல நான் பார்த்திருக்கேன்.”

வேறு விளக்கம் தரவில்லை. இந்த ஊரில் அந்த வயதுக்காரர்கள் அப்படிச் சொன்னால் யாரும் மேலே கேட்க மாட்டார்கள்.

ஒருநாள் சாப்பாட்டு வேளையில் அவருக்கு ஒரு படத்தை ஃபோனில் காட்டினேன். ஈரானில் ஒரு மலைப்பாறையில் அந்த அரசன் செதுக்கவைத்த சிற்பம். இடதுபக்கம் அரசன் குதிரைமேல், வலதுபக்கம் அவனுடைய கடவுள் குதிரைமேல். கடவுள் அவனுக்கு ஆட்சியின் வளையத்தை நீட்டுகிறார். கடவுளின் குதிரைக்கடியில் தீமையின் தெய்வம் நசுங்கிக் கிடக்கிறது. அரசனின் குதிரைக்கடியில் அவன் கொன்ற பேரரசன். சாயா கண்ணாடியை மாட்டிக்கொண்டு வெகுநேரம் பார்த்தார்.

“கடவுளும் இவனும் ஒரே உயரம்,” என்றார். பிறகு, கீழே கிடப்பவனைப் பெரிதாக்கிக் காட்டச் சொன்னார். பார்த்துவிட்டு ஃபோனைத் திருப்பிக் கொடுத்தார். அன்றைக்குக் கொண்டுவந்திருந்த சாப்பாட்டை அவர் முடிக்கவில்லை.

கதையின் பின்பாதியில் ஒரு கட்டம் வருகிறது. அது சரித்திரம் இல்லை, பிற்காலத்தில் சேர்ந்த கதை என்கிறார்கள். தொடரில் அதைத்தான் பெரிதாக எடுத்திருந்தார்கள். அரசன் தான் அழித்த வம்சத்தில் ஒருவரையும் விடக்கூடாது என்று சபதம் செய்தவன். அரண்மனையில் பார்த்த ஒரு பெண்ணை அவள் யாரென்று தெரியாமல் மணந்துகொள்கிறான். அவள் அந்தப் பழைய வம்சத்துப் பெண் என்று தெரிந்ததும், கொன்றுவிடச் சொல்லி மந்திரியிடம் ஒப்படைக்கிறான். அவள் கர்ப்பமாக இருக்கிறாள். மந்திரி அவளைக் கொல்லாமல் நிலவறையில் ஒளித்துவைக்கிறான். பிள்ளை பிறந்து மறைவிலேயே வளர்கிறது. வருடங்கள் போய், அரசன் தனக்குப் பின் யாரும் இல்லையே என்று கலங்கி உட்கார்ந்திருக்கும்போது மந்திரி வந்து, உங்கள் மகன் உயிரோடு இருக்கிறான் என்கிறான்.

மூலத்தில் அரசன் அந்த இடத்தில் நீளமாகப் பேசுகிறான். கடவுளுக்கு நன்றி, செய்த பாவத்துக்கு வருத்தம், கண்ணீர். வசனத்தை முன்கூட்டியே வாங்கிக்கொண்டு போயிருந்த சாயா, மறுவாரம் வந்து என்னைத் தனியாகக் கூப்பிட்டார்.

“நான் அழாம சொல்லக்கூடிய மாதிரி எழுதிக்கொடு.”

மமா ஒத்துக்கொண்டார். நான் வீட்டுக்குக் கொண்டுபோய் எழுதினேன். நடிகரின் வாய் நிற்காமல் அசைந்துகொண்டிருந்ததால் வார்த்தைகளைக் குறைக்க முடியாது. நன்றியையும் பாவத்தையும் எடுத்துவிட்டு அரசன் வாயில் கேள்விகளைப் போட்டேன். எவ்வளவு உயரம் இருக்கிறான்? ராத்திரியில் நன்றாகத் தூங்குகிறானா? என்ன சாப்பிடுவான்? காய்ச்சல் வந்தால் யார் பக்கத்தில் இருந்தார்கள்? குதிரை ஏறத் தெரியுமா? வெகுநாள் பிள்ளையைப் பார்க்காத எந்தத் தகப்பனும் கேட்கிற கேள்விகள்தான். சாயா படித்துப் பார்த்துவிட்டு, இது போதும் என்றார்.

அந்தக் காட்சியைப் பதிவு செய்த நாளில் அவர் எங்களுக்கு முன்பே வந்து படிக்கட்டில் உட்கார்ந்திருந்தார். முகம் வீங்கியிருந்தது. மழையில் நனைந்து சளி பிடித்திருக்கும் என்று நினைத்துக்கொண்டேன். அறைக்குள் போனார், சட்டையைக் கழற்றி மடித்து வைத்தார், ஒரே தடவையில் முடித்தார். கேள்விகளைக் கொஞ்சம் அவசரமாக, ஒன்றன்மேல் ஒன்றாகக் கேட்டார், பதிலுக்குக் காத்திருக்காதவர் மாதிரி. குரல் எங்கேயும் உடையவில்லை. மமா கண்ணைத் துடைத்துக்கொண்டு, இத்தனை வருடத்தில் இவர் செய்ததிலேயே இதுதான் உயர்ந்தது என்றார். சாயா தண்ணீர் குடித்தார், எல்லாருக்கும் தலையாட்டினார், பஸ்ஸுக்கு நேரமாயிற்று என்று கிளம்பிப்போனார்.

சில நாள் கழித்து மமா ஃபோன் செய்தார். சாயா வீட்டில் அவருடைய அப்பா நினைவாகப் பிக்குகளுக்கு உணவளிக்கிறார்களாம், போய்வர வேண்டும் என்றார். அப்பா இறந்து எத்தனையோ காலம் ஆயிற்றே என்று கேட்டேன். வெள்ளை உடுத்திக்கொண்டு வா, அங்கே யாரிடமும் எதையும் கேட்காதே என்றார் மமா.

காலையிலேயே தன்லியின் போய்ச் சேர்ந்தோம். மரவீடு, முன்னறையில் பாய் விரித்திருந்தது. பக்கத்து வீட்டார் சிலர் உட்கார்ந்திருந்தார்கள். சுவரில் சாயாவும் மனைவியும் பட்டம் வாங்கிய படங்களும் அவர்கள் கல்யாணப் படமும் இருந்தன. நடுவில் ஒரு சதுரம் மட்டும் வண்ணம் மங்காமல், அங்கே வெகுகாலம் ஏதோ மாட்டியிருந்து எடுத்ததுபோல் இருந்தது. சாயா எங்களை வரவேற்று, அப்பாவுக்காக வந்ததற்கு நன்றி என்றார். பக்கத்து வீட்டாருக்குக் கேட்கும்படி, தன் அப்பா எப்படிப்பட்ட மனிதர் என்று இரண்டு மூன்று விஷயம் சொன்னார். அந்தக் குரலில் சொன்னதால் எல்லாரும் தலையாட்டிக் கேட்டார்கள்.

நான் சமையலறைக்குப் போய் அவர் மனைவிக்குக் கைகொடுத்தேன். அவரை நான் ஆன்ட்டி என்றுதான் கூப்பிடுவேன். கோழிக்கறியைக் கிண்ணங்களில் எடுத்து வைத்துக்கொண்டே, என்னைப் பார்க்காமல், சின்னக் குரலில் சொன்னார். எல்லையிலிருந்து வந்த ஒரு பெண் காய் விற்கிறவள்போல் வாசலில் கூடையை இறக்கி வைத்துச் சேதி சொல்லிவிட்டுப் போயிருக்கிறாள். விமானத்திலிருந்து போட்ட குண்டு. கூட இருந்தவர்கள் பிள்ளையை அங்கேயே புதைத்துவிட்டார்கள். நல்ல இடமாகப் பார்த்துத்தான் புதைத்தோம் என்று சொல்லச் சொன்னார்களாம். அவள் வந்தது எந்த நாள் என்று ஆன்ட்டி சொன்னபோது கையில் இருந்த கிண்ணத்தைக் கீழே வைத்துவிட்டேன். அந்த மந்திரி காட்சியைப் பதிவு செய்ததற்கு முந்தின நாள்.

“போகவேண்டாம்னு சொன்னேன். போகலைன்னா ஏன் வரலைன்னு கேப்பாங்க, கேட்டா என்ன பதில் சொல்றதுன்னு போயிட்டார்.”

என்ன சாப்பிடுவான், காய்ச்சல் வந்தால் யார் பக்கத்தில் இருந்தார்கள். அந்தக் கேள்விகளைச் சாப்பாட்டு மேஜையில் உட்கார்ந்து, வாய் அசைவுக்கு எண்ணி எண்ணி எழுதியவள் நான். அவற்றைத்தான் அவர் சேதி கேட்ட மறுநாள் வந்து கேட்டுவிட்டுப் போயிருக்கிறார்.

பிக்குகள் சாப்பிட்டு முடித்ததும் ஓதினார்கள். கடைசியில் புண்ணியத்தை இறந்தவருக்குச் சேர்க்க நீர் வார்க்கிற சடங்கு. தலைமைப் பிக்கு யாருக்காக என்று கேட்டார். சாயா தன் தகப்பனாரின் பெயரைச் சொன்னார். அவரும் ஆன்ட்டியும் சின்னக் குடத்திலிருந்து சொட்டுச் சொட்டாகக் கிண்ணத்தில் நீரை விட்டார்கள். எல்லாரும் அந்தப் பெரியவரின் பெயரைச் சொல்லி, அவருக்குப் போய்ச் சேரட்டும் என்றார்கள். ஆன்ட்டியின் உதடுகள் சத்தமில்லாமல் அசைந்தன. நாள் முழுக்க வாய் அசைவைப் பார்த்துப் பிழைக்கிறவள் நான். அவர் உதடு சொன்னது மாமனாரின் பெயர் இல்லை. பக்கத்து வீட்டுக்காரி ஒருத்தியும் ஆன்ட்டியின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவளும் கண்டுபிடித்துவிட்டாள் என்று எனக்குத் தெரிந்தது. அவள் குனிந்து கும்பிட்டு, எல்லாரையும்விடச் சத்தமாகப் பெரியவரின் பெயரைச் சொன்னாள்.

வேறு ஆளை வைத்து மீதித் தொடரை முடிக்கலாம் என்று மமா சொல்லிப் பார்த்தார். சாயா கேட்கவில்லை. குரல் மாறினால் பார்க்கிறவர்களுக்குத் தெரியும், ஏன் மாறியது என்று பேசுவார்கள் என்றார். கொஞ்சநாள் கழித்து வந்தார்.

மீதி இருந்தவற்றில் அரசன் வயதாகி, உயிரோடு இருக்கும்போதே மகனுக்கு முடிசூட்டுகிற காட்சி ஒன்று. சரித்திரத்திலும் அது உண்மைதான், மகனைத் தன் காலத்திலேயே கூட ஆளவைத்திருக்கிறான். தன் தகப்பன் போனபின் அண்ணனுக்கும் தனக்கும் நடந்தது தன் பிள்ளைகளுக்குள் நடக்கக்கூடாது என்று அவன் நினைத்திருக்கலாம். சாயா என்னை அறைக்குள் வந்து பக்கத்தில் நிற்கச் சொன்னார். நின்றேன். விரிப்புகளில் வேர்வை நாற்றம். அவர் தாள் வைத்திருந்த ஸ்டாண்டின் ஓரத்தை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, மகனே என்று ஆரம்பித்துச் சொல்லி முடித்தார்.

கீழே எவனோ ஜெனரேட்டரைப் போட்டுவிட்டான். அதன் உறுமல் பதிவில் ஏறிவிட்டது. மறுபடி சொல்லவேண்டும். இரண்டாவது தடவை பாதியில் கரண்டு போயிற்று. வந்ததும் மறுபடி. கண்ணாடி வழியாக மமாவைப் பார்த்து, போதும், இருப்பதை வைத்துக்கொள்ளலாம் என்று கைகாட்டினேன். அவர் கண் நிறைந்திருந்தது. ஆனாலும் முடியாது என்று தலையசைத்தார், சத்தம் இருந்தால் ஒளிபரப்புகிறவர்கள் திருப்பி அனுப்பிவிடுவார்கள், அப்போது சாயாவை மறுபடி கூப்பிட வேண்டியிருக்கும். சாயா என்னிடம், பரவாயில்லை தமீ என்றார். இன்னொரு தடவை மகனே என்று கூப்பிட்டார்.

தொடர் நன்றாக ஓடியது. எங்கள் தெருவில் கரண்டு வருகிற நேரத்தில் ஒளிபரப்பானால் வீட்டுக்கு வீடு அதே குரல் கேட்கும். தேநீர்க் கடையில் இளவட்டங்கள் அரசன் மாதிரி குரலை இறக்கி ஒருவரையொருவர் மிரட்டிக்கொள்வார்கள். அப்புறம் கட்டாய ராணுவச் சேவை வந்தது. அந்த இளவட்டங்கள் கடைக்கு வருவது நின்றது. சிலர் தாய்லாந்து போனார்கள், சிலர் வீட்டுக்குள்ளேயே அடைந்துகொண்டார்கள். எங்கள் தெருவில் ஒரு பையனை பஸ்ஸிலிருந்து இறக்கிக் கொண்டுபோனார்கள்.

அந்த நாட்களில் ஒரு மதியம் ஆன்ட்டிக்குக் கண்மருந்து வாங்கிக்கொண்டு தன்லியின் போயிருந்தேன். பேசிக்கொண்டிருக்கும்போது வார்டு ஆபீஸிலிருந்து ஒரு குமாஸ்தாவும் கூட இரண்டு பேரும் வந்தார்கள். வீட்டு ஆள் பதிவேட்டில் ஒரு மகன் இருக்கிறான், சேவைக்கான வயது, ஆள் எங்கே என்று கேட்டார்கள். செத்துப்போனான் என்று சொன்னால் எங்கே, எப்படி என்ற கேள்வி வரும். அதற்குப் பதில் சொன்னால் வீடு போய்விடும்.

சாயா அவர்களுக்கு நாற்காலி போட்டார். மகன் மலேசியாவில் இருக்கிறான், சாப்பாட்டுக் கடையில் வேலை என்றார். எப்போது போனான் என்று கேட்டதற்குப் பதில் சொன்னார். பேசுகிறானா என்றார்கள். வாரத்துக்கு ஒரு தடவை பேசுவான் என்றார். என்ன சொல்கிறான் என்று குமாஸ்தா கேட்டார். அதைச் சோதிக்கத்தான் கேட்டாரோ, சும்மா கேட்டாரோ தெரியவில்லை.

“அங்கே சோறு நம்ம ஊர் மாதிரி இல்லைங்கறான். அம்மா வைக்கற புளிச்சக்கீரைக் குழம்பைத்தான் கேக்கறான்.”

ஆன்ட்டி தேநீர் போடுகிறேன் என்று உள்ளே போய்விட்டார். கோப்பைகள் ஒன்றோடொன்று இடிபடுகிற சத்தம் வெகுநேரம் கேட்டது.

குமாஸ்தா எழுதுவதை நிறுத்திவிட்டுத் தலையைத் தூக்கினார். இந்தக் குரலை எங்கேயோ கேட்டிருக்கிறேனே என்றார். கூட வந்தவன் முந்திக்கொண்டான், அந்தப் பாரசீக அரசன். குமாஸ்தாவின் முகமே மாறிவிட்டது. என் மனைவி ஒரு நாள் விடாமல் பார்த்தாள் என்றார். அவளுக்காக ஒரு வசனம் சொல்லவேண்டும் என்று ஃபோனை எடுத்து நீட்டினார். சாயா கொஞ்சம் யோசித்தார். பிறகு, புதிதாகக் கட்டிய வட்ட நகரத்தின் வாசலில் அரசன் குடிமக்களிடம் பேசுகிற வசனத்தைச் சொன்னார்.

“பயப்படாதீர்கள். இந்தச் சுவருக்குள் இருக்கிற எந்தப் பிள்ளைக்கும் தீங்கு வராது. அதற்கு நான் பொறுப்பு.”

குமாஸ்தா பதிவைப் போட்டுக் கேட்டுச் சிரித்தார். வெளிநாட்டில் இருப்பதாக எழுதிக்கொள்கிறேன், அடுத்த தடவையும் வருவோம், கோபித்துக்கொள்ளாதீர்கள் என்றார். தேநீர் வரும்வரை இருக்கவில்லை.

அவர்கள் தெருமுனை திரும்பும்வரை சாயா வாசலில் நின்று பார்த்தார். உள்ளே வந்து உட்கார்ந்து, ஆன்ட்டி வைத்த தேநீரை ஆறும்வரை தொடவில்லை.

“இனி இவன் வாராவாரம் என்ன பேசினான்னு நான் ஞாபகம் வச்சிக்கணும்,” என்றார். “மாத்திச் சொல்லிடக் கூடாது.”

அதற்கப்புறம் அவர்கள் வந்திருக்கிறார்கள். அந்தப் பிள்ளை மலேசியாவில் கடை மாறியிருக்கிறான், ஒரு தடவை காய்ச்சலில் படுத்து எழுந்திருக்கிறான். யாரையோ பிடித்திருக்கிறது போலிருக்கிறது என்றுகூட சாயா சொல்லியிருக்கிறார். ஆன்ட்டி என்னிடம் சொன்னார். சொல்லும்போது அவருக்கு ஒரு நொடி முகம் மலர்ந்து, உடனே அடங்கிவிட்டது. சாயா பிறகு அரசர் வேடம் எதையும் ஒத்துக்கொள்ளவில்லை. கூடத்துக்கு வருவதும் குறைந்துவிட்டது. கூப்பிட்டால், பக்கத்து வீட்டுக்காரர், வைத்தியர், தபால்காரர் என்று இரண்டு வரிப் பாத்திரங்களுக்கு வருவார். முகம் தெரியாத யாராவதாகப் பேசிவிட்டுப் போவார்.

போன தைமாதம் ஆன்ட்டி என்னோடு நகரத்துக்குள் இருக்கும் காளி கோயிலுக்கு வரவேண்டும் என்றார். பௌத்தர்கள் அங்கே வருவது இங்கே சாதாரணம். பூத்தட்டு வாங்கிக்கொண்டு வரிசையில் நின்றோம். முன்னால் நின்ற தமிழ்க் குடும்பம் பேர் சொல்லி அர்ச்சனை செய்துகொண்டதைப் பார்த்து, அது என்ன என்று கேட்டார். பேரைச் சொன்னால் பூசாரி அதைச் சாமியிடம் சத்தமாகச் சொல்வார் என்றேன். சத்தமாகவா என்று கேட்டார். ஆமாம் என்றேன்.

எங்கள் முறை வந்தது. ஆன்ட்டி என் காதில் மகன் பேரைச் சொன்னார். அர்ச்சனை உயிரோடு இருப்பவர்களுக்குத்தான் செய்வார்கள். அது எனக்குத் தெரியும். அவரிடம் சொல்லவில்லை. பூசாரியிடமும் சொல்லவில்லை.

“நட்சத்திரம் என்னம்மா?”

“தெரியாது சாமி. செவ்வாய்க்கிழமை பிறந்தவர்.”

பர்மியர் நட்சத்திரம் வைப்பதில்லை, பேரின் முதல் எழுத்தே பிறந்த கிழமையைச் சொல்லிவிடும். பூசாரி பரவாயில்லை என்று தட்டை வாங்கிக்கொண்டு போனார். மந்திரத்துக்கு நடுவில் அந்தப் பர்மியப் பேரைத் தமிழ் நாக்கில் கொஞ்சம் நீட்டி, மண்டபம் முழுக்கக் கேட்கும்படி சொன்னார். சுற்றி நின்றவர்கள் யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. ஆன்ட்டி கைகூப்பியபடி கண்ணைத் திறந்தே வைத்திருந்தார். தேங்காய் மூடியும் பழமும் குங்குமமும் வந்தன. நெற்றியில் எப்படி வைப்பது என்று கேட்டார், வைத்துவிட்டேன்.

பஸ் நிறுத்தம்வரை நடந்தோம். தன்லியின் பஸ் கூட்டமாக வந்தது. ஏறுவதற்கு முன், அடுத்த மாதமும் கூட்டிக்கொண்டு போகிறாயா என்று கேட்டார். வெள்ளிக்கிழமையானால் கூட்டம் அதிகமாக இருக்கும், வேறு நாளாகப் பார்த்துக்கொள்ளலாம் என்றேன்.